கைவிடப்பட்ட ஒலிகளிலிருந்து திரையிசைக்கு: யோஹான் யோஹான்சனின் கலைப்பயணம்

ஆய்வுச் சுருக்கம்

ஐஸ்லாந்து நாட்டு இசையமைப்பாளரும் ஒலிக்கலைஞருமான யோஹான் யோஹான்சன் (1969–2018) ராக் குழுக்களில் தொடங்கி நாடகம், நடனம், தனி இசைத்தொகுப்பு, ஆவணப்படம் ஆகியவற்றின் வழியாக ஹாலிவுட் திரைப்படத்தை அடைந்தவர். தனிப் படைப்புகளில் அவர் உருவாக்கிக்கொண்ட செயல்முறையே அவருடைய திரையிசையையும் வடிவமைத்தது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. இசைக்கும் ஒலிக்கும் இடையே திரைத்துறை வகுத்துள்ள எல்லையை அவர் படைப்புகள் எவ்வாறு கேள்விக்குள்ளாக்கின என்பதும், பெருந்தயாரிப்புகளுக்குள் சுதந்திரக் கலைஞர் ஒருவருக்கு எவ்வளவு இடம் கிடைக்கிறது என்பதும் இதன் மையக் கேள்விகளாகும்.

திறவுச்சொற்கள்: யோஹான் யோஹான்சன், திரையிசை, ஒலிக்கலை, ஒலி வடிவமைப்பு, சுதந்திரக் கலைஞர், ஐஸ்லாந்து.

முன்னுரை

திரைப்படத்தின் ஒலித்தடத்தைப் பொதுவாக உரையாடல், ஒலிவிளைவு, இசை என மூன்றாகப் பிரிப்பது வழக்கம். இவை மூன்றும் வெவ்வேறு கலைஞர்களால், பெரும்பாலும் வெவ்வேறு கட்டங்களில் உருவாக்கப்பட்டு இறுதிக் கலவையில் ஒன்றுசேர்க்கப்படுகின்றன. இசையமைப்பாளர் இவ்வரிசையில் கடைசியாக வருபவர். படத்தொகுப்பு ஏறத்தாழ முடிந்த நிலையில், குறுகிய கால அவகாசத்தில், முன்பே தற்காலிக இசை பொருத்தப்பட்ட காட்சிகளுக்கு இசையமைக்கும் நிலையே பலருக்கு வாய்க்கிறது. இந்த வேலைப்பிரிவினை தொழில் வசதிக்காக ஏற்பட்டது; எனினும் காலப்போக்கில் அதுவே கலைக் கொள்கைபோல நிலைபெற்றுவிட்டது.

தமிழ்ச் சொல்வழக்கு இங்கு நினைவுகூரத்தக்கது. இன்று இசை, ஒலி என்னும் இரு சொற்களையும் நாம் தெளிவாகப் பிரித்தே ஆள்கிறோம். ஆனால் தொல்காப்பிய உரியியலில் இசை, குறிப்பு, பண்பு எனக் கூறப்படும்போது இசை என்பது ஓசையையே குறிக்கிறது. துவைத்தல், சிலைத்தல், இயம்பல், இரங்கல் ஆகியவை இசைப்பொருள் தரும் சொற்களாக அங்கு எண்ணப்படுகின்றன. பாட்டும் பண்ணும் மட்டுமின்றி, செவிக்கு எட்டும் ஓசை அனைத்தும் இசை என்னும் சொல்லுக்குள் அடங்கியிருந்தன. இப்பழம்பொருளை மனத்திற்கொண்டு அணுகும் தமிழ் வாசகருக்கு, இக்கட்டுரை பேசும் கலைஞரின் முயற்சி அந்நியமாகத் தோன்றாது.

பெயர் குறித்தும் ஒரு சொல். ஐஸ்லாந்தில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயர் இல்லை; தந்தை பெயரோடு மகன் அல்லது மகள் என்னும் பொருள் தரும் விகுதி சேர்ந்து வரும். யோஹான்சன் என்பதற்கு யோஹானின் மகன் என்று பொருள். ஒருவரை அவருடைய சொந்தப் பெயராலேயே சுட்டுவது அந்நாட்டு மரபு. தந்தை பெயரைத் தலைப்பெழுத்தாகத் தாங்கி, தம் பெயரால் அறியப்படும் நமக்கும் இது பழக்கமானதே. எனவே இக்கட்டுரை அவரை யோஹான் என்றே குறிப்பிடுகிறது. தந்தையின் பெயரைப் போலவே தந்தையின் தொழிலும் இவருடைய கலையில் நிலையான இடம் பெற்றது என்பது பின்னர்ப் புலப்படும்.

1. தொடக்ககாலம்: ரெய்க்யாவிக்கின் கூட்டுக்கலைச் சூழல்

யோஹான் 1969 செப்டம்பர் 19 அன்று ரெய்க்யாவிக்கில் பிறந்தார். சிறுவயதில் பியானோவும் டிராம்போனும் பயின்றபோதிலும், முறைசார்ந்த இசைக்கல்வியை அவர் தொடரவில்லை. பல்கலைக்கழகத்தில் அவர் பயின்றவை மொழிகளும் இலக்கியமும். இளமையில் ராக் குழுக்களில் கிதார் வாசித்தார். கிதாரின் ஒலியை மின்கருவிகளால் திரித்தும் அடுக்கடுக்காகச் சேர்த்தும் பெறும் முறையை அவர் அங்கேதான் கற்றார். பின்னாளில் நரம்பிசைக் கருவிகளுக்கு எழுதியபோதும் ஒலியை அடுக்கிச் சேர்க்கும் இந்த மனப்பாங்கு அவரிடம் மாறவில்லை.

1999ஆம் ஆண்டில் கிறிஸ்டின் பியர்க் கிறிஸ்தியான்ஸ்டோட்டிர், ஹில்மார் யென்ஸன் ஆகியோருடன் இணைந்து ‘கிச்சன் மோட்டார்ஸ்’ என்னும் அமைப்பை உருவாக்கினார். பங்க், ஜாஸ், செவ்வியல், மின்னணு இசை எனத் தனித்தனியே இயங்கிய கலைஞர்களை ஒரே மேடையில் இணைத்து, அதுவரை சேர்ந்து பணியாற்றாதவர்களைச் சேர்ந்து படைக்கச் செய்வது அவ்வமைப்பின் நோக்கம். மக்கள்தொகை மிகக் குறைந்த அந்நாட்டில் ஒவ்வொரு இசைவகைக்கும் தனித்தனி வட்டங்கள் நீடிப்பது கடினம். ஒரே கலைஞர் பல வட்டங்களில் இயங்குவது இயல்பு. இந்தச் சூழலே யோஹானின் பன்முகத்தன்மைக்கு விளைநிலமாயிற்று எனலாம்.

அதே காலத்தில் உருவான ‘அப்பாரட் ஆர்கன் குவார்ட்டெட்’ என்னும் குழுவிலும் அவர் பங்கேற்றார். பிறர் ஒதுக்கிவிட்ட பழைய மின்னணு ஆர்கன்களையும் சின்தசைசர்களையும் அக்குழு விரும்பிப் பயன்படுத்தியது. காலாவதியான கருவியின் குறைபாடே அதன் தனிக்குரல் என்னும் எண்ணம் இங்கே முளைவிட்டது. அவருடைய பிற்காலப் படைப்புகள் பலவற்றில் இவ்வெண்ணம் தொடர்ந்து வளர்ந்தது.

2002இல் வெளிவந்த ‘எங்லாபொர்ன்’ அவருடைய முதல் தனித் தொகுப்பு. இது நாடகம் ஒன்றுக்காக எழுதப்பட்ட இசையிலிருந்து உருவானது. கத்தூல்லுஸ் என்னும் ரோமானியக் கவிஞரின் லத்தீன் கவிதை ஒன்றை இதில் கணினிக்குரல் பாடுகிறது. உடன் நரம்பிசை நால்வர் குழு ஒலிக்கிறது. அன்பும் வெறுப்பும் ஒருங்கே கொண்ட மனநிலையைப் பேசும் அவ்வரிகளை உணர்ச்சியற்ற இயந்திரக் குரலிடம் ஒப்படைத்தமை குறிப்பிடத்தக்கது. குரலில் இல்லாத உணர்ச்சியைக் கேட்பவரே நிரப்பிக்கொள்கிறார். மனிதமும் இயந்திரமும் எதிரெதிர் முனைகள் என்னும் பொதுக்கருத்தை அவர் முதல் தொகுப்பிலேயே மறுத்துவிட்டார்.

2. தந்தையின் ஒலிநாடா

யோஹானின் கலைநெறியை விளங்கிக்கொள்ள மிகவும் துணைபுரிவது 2006இல் வெளிவந்த ‘ஐபிஎம் 1401: பயனர் கையேடு’ என்னும் படைப்பு. ஐபிஎம் நிறுவனம் 1959இல் அறிமுகப்படுத்திய 1401 என்னும் கணினி, 1960களில் ஐஸ்லாந்துக்கு வந்துசேர்ந்த முதற்கணினிகளுள் ஒன்று. யோஹானின் தந்தை யோஹான் குன்னார்ஸன் அதன் பராமரிப்புப் பொறியாளராகப் பணியாற்றினார்.

அக்கணினியில் ஒலிபெருக்கி கிடையாது. ஆனால் அதன் நினைவகம் இயங்கும்போது மின்காந்த அலைகள் வெளிப்பட்டன. அருகே ஒரு வானொலிப் பெட்டியை வைத்தால் அவ்வலைகள் ஒலியாகக் கேட்டன. எந்தக் கட்டளையை எத்தனை முறை, எவ்வளவு வேகத்தில் திரும்பச் செய்ய வேண்டும் என நிரல் எழுதுவதன் மூலம் அவ்வொலியின் சுருதியைக் கட்டுப்படுத்த முடியும் என்பதைப் பொறியாளர்கள் கண்டறிந்தனர். கணக்கிடுவதற்காகச் செய்யப்பட்ட பொறியை அவர்கள் ஓய்வுநேரத்தில் பாட வைத்தனர். 1971இல் அக்கணினி பணியிலிருந்து விலக்கப்பட்டபோது அதற்கு விடைகொடுக்கும் நிகழ்வு ஒன்றே நடத்தி, அதன் இசையை ஒலிநாடாவில் பதிந்துவைத்தனர்.

ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்குப் பின் அந்நாடா மகனின் கைக்கு வந்தது. முதலில் நடனக் கலைஞர் எர்னா ஓமார்ஸ்டோட்டிரின் நடனப் படைப்புக்காக நரம்பிசை நால்வர் குழுவுக்கு எழுதிய யோஹான், பின்னர் அதையே அறுபது பேர் கொண்ட நரம்பிசைக் குழுவுக்கு விரித்தெழுதினார். கணினியின் மெல்லிய, நடுங்கும் குரல் முன்னே வர, நரம்பிசை அதைச் சூழ்ந்து தாங்குகிறது. அச்சுப்பொறி, துளையட்டை வாசிப்பி, காந்த நாடாக் கருவி என இயந்திரப் பாகங்களின் பெயர்களே பெரும்பாலான பகுதிகளின் தலைப்புகள். பராமரிப்பு வழிமுறைகளை வாசிக்கும் பதிவுசெய்யப்பட்ட குரலும் இடையே ஒலிக்கிறது.

இப்படைப்பில் மூன்று கூறுகள் கவனத்துக்குரியன. முதலாவது, ஒலி இங்கே ஆவணமாக இருக்கிறது. நாடாவின் இரைச்சலும் தேய்வும் நீக்கப்படாமல் காலத்தின் தடயங்களாகவே விடப்பட்டுள்ளன. இரண்டாவது, மிக எளிய ஒரு மெட்டு மாறாமல் திரும்பத் திரும்ப வருகிறது; மாறுவது அதைச் சூழ்ந்த ஒலியடர்த்தியே. மூன்றாவது, கைவிடப்பட்ட கருவிக்குப் பின்னால் அதனோடு உழைத்த மனிதர்கள் நினைவுகூரப்படுகின்றனர். இம்மூன்றும் பின்னர் அவருடைய திரையிசைக்கும் அடிப்படைகளாயின.

3. உழைப்பின் நினைவு: ஃபோர்ட்லாண்டியாவும் சுரங்கத் தொழிலாளரும்

2008இல் வெளிவந்த ‘ஃபோர்ட்லாண்டியா’, அமேசான் காட்டில் ஹென்றி ஃபோர்டு அமைத்த ரப்பர்த் தோட்ட நகரைப் பொருளாகக் கொண்டது. 1928இல் தொடங்கப்பட்ட அந்நகர், அமெரிக்கத் தொழிற்சாலை ஒழுங்கை வெப்பமண்டலக் காட்டின்மீது திணிக்க முயன்று தோற்றது. 1945இல் பிரேசில் அரசிடம் ஒப்படைக்கப்பட்டது. மிகப் பெரிய கனவொன்று மெல்லச் சிதைவதை நீண்ட, சலிப்பற்ற நரம்பிசை அலைகளாக யோஹான் வடித்தார்.

அமெரிக்க இயக்குநர் பில் மாரிசனுடன் இணைந்து உருவாக்கிய ‘சுரங்கத் தொழிலாளரின் துதிப்பாடல்கள்’ இவ்வரிசையில் தலையாயது. இங்கிலாந்தின் வடகிழக்கிலுள்ள டர்ஹாம் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் வாழ்க்கையைப் பழைய ஆவணக் காட்சிகளைத் தொகுத்துக் காட்டும் இப்படத்தில் உரையாடலோ விளக்கவுரையோ கிடையாது. இசையே முழுவதும் பேசுகிறது. இதன் முதல் நிகழ்வு 2010இல் டர்ஹாம் பேராலயத்தில் நடைபெற்றது.

இங்கு யோஹான் தேர்ந்தெடுத்தவை பித்தளைக் காற்றுக் கருவிகள். காரணம் வெளிப்படை. இங்கிலாந்தின் சுரங்க ஊர்களில் தொழிலாளர்களே உறுப்பினராக இருந்த பித்தளை இசைக்குழுக்கள் ஊர்தோறும் இயங்கின. ஆண்டுதோறும் நடைபெறும் டர்ஹாம் சுரங்கத் தொழிலாளர் பெருவிழாவில் சங்கப் பதாகைகளின் பின்னே அக்குழுக்கள் அணிவகுத்து, ஊர்வலத்தின் நிறைவில் பேராலயத்துக்குள்ளும் செல்லும். 1984–85 வேலைநிறுத்தத்தின் தோல்விக்குப் பின் சுரங்கங்கள் மூடப்பட்டன; பதாகைகளும் குழுக்களும் எஞ்சின. ஆகவே, அக்கருவிகளின் ஒலி அம்மக்களுக்கு வெறும் நாதம் அன்று. அது அவர்களுடைய வரலாற்றின் குரல். நிறைவுப் பகுதிக்குச் சங்கப் பதாகை ஒன்றிலிருந்த முழக்கத்தையே யோஹான் தலைப்பாக இட்டார். கருவித் தேர்வு என்பது ஒலிநயத் தேர்வாக மட்டும் இல்லாமல் ஒரு சமூகத்தின் நினைவோடு பிணைந்திருக்க முடியும் என்பதற்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டுக் கிடைப்பது அரிது.

4. பெருந்திரைக்குள் ஒலிக்கலைஞர்

கனடிய இயக்குநர் டெனி வில்நெவ் இயக்கிய ‘பிரிஸனர்ஸ்’ (2013) யோஹானை ஹாலிவுட்டின் கவனத்துக்குக் கொண்டுவந்தது. இயற்பியலாளர் ஸ்டீபன் ஹாக்கிங்கின் வாழ்க்கையைச் சொல்லும் ‘தி தியரி ஆஃப் எவ்ரிதிங்’ (2014) படத்துக்காக அவர் கோல்டன் குளோப் விருது பெற்றார்; ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது. இனிய மெட்டும் பியானோவும் நரம்பிசையும் கொண்ட அவ்விசை மரபுவழிப்பட்டது. மரபுவழித் திரையிசை அவருக்குக் கைவராதது என்ற கருத்துக்கு அதனால் இடமில்லை.

‘சிக்காரியோ’வில் (2015) அவர் வேறு வழியைத் தேர்ந்தார். அமெரிக்க–மெக்சிக எல்லையில் நடக்கும் போதைப்பொருள் ஒழிப்பு நடவடிக்கையைப் பற்றிய அப்படத்தில், காவல்துறை வாகன வரிசை எல்லையைக் கடந்து ஹுவாரெஸ் நகருக்குள் நுழையும் காட்சி புகழ்பெற்றது. அங்கே மெட்டு என எதையும் சுட்ட இயலாது. தாழ்ந்த சுருதிக் கருவிகள் ஒன்றுசேர்ந்து மேலிருந்து கீழே வழுக்கி இறங்குகின்றன. சீரான முரசொலி நெருங்கிவருகிறது. வாகனங்களின் உறுமலும் ஹெலிகாப்டரின் இரைச்சலும் இசையும் ஒன்றோடொன்று கலப்பதால், எது எங்கே முடிகிறது என்பதைக் காது பிரித்தறிய முடிவதில்லை. வரவிருக்கும் ஆபத்தைச் சொல்லும் குறிப்பாக நின்றுவிடாமல், நிலத்துக்கு அடியில் முன்பே இருக்கும் ஒன்றாக அச்சம் உணரப்படுகிறது. பித்தளைக் கருவிகளைக் கொண்டு டர்ஹாமின் நினைவை எழுப்பிய அதே தர்க்கம், தாழ்சுருதிகளைக் கொண்டு எல்லை நிலத்தின் வன்முறையை இங்கே எழுப்புகிறது. இப்படத்துக்கும் அவருக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

‘அரைவல்’ (2016) படத்தில் படப்பிடிப்புத் தொடங்கும் காலத்திலேயே அவர் இசைப்பணியைத் தொடங்கிவிட்டார். வேற்றுலகினரின் மொழியைக் கற்கும் ஒரு மொழியியலாளரின் கதை அது. அம்மொழியின் எழுத்து வட்ட வடிவினது. தொடக்கமும் முடிவும் அற்றது. யோஹான் அதற்கேற்பச் சுழலும் ஒலியை நாடினார். பல தடங்கள் கொண்ட காந்த நாடாவை வளையமாக்கி, பியானோ ஒலியை அடுக்கடுக்காக அதன்மேல் பதிந்தார். விசையை அழுத்தும்போது எழும் தொடக்க அதிர்ச்சி நீக்கப்பட்டு, நீடிக்கும் கார்வை மட்டும் எஞ்சுகிறது. பால் ஹில்லியரின் ‘தியேட்டர் ஆஃப் வாய்சஸ்’ குழுவினர் பொருளற்ற சிறு அசைகளை மீள மீளப் பாடுகின்றனர். மொழியைப் பற்றிய படத்தில் மனிதக் குரல், சொல்லாக மாறுவதற்குச் சற்று முந்தைய நிலையில் நிறுத்தப்படுகிறது. மொழியும் இலக்கியமும் பயின்ற ஒருவரின் தேர்வாக இதைக் கருத இடமுண்டு.

5. எல்லைகளும் விதிகளும்

‘அரைவல்’ இசை 2016 டிசம்பரில் ஆஸ்கர் போட்டிக்குத் தகுதியற்றது என அறிவிக்கப்பட்டது. படத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் மாக்ஸ் ரிக்டர் முன்பே எழுதி வெளியிட்டிருந்த இசை பயன்பட்டதால், வாக்களிப்போர் யோஹானின் பங்கைத் தனியே மதிப்பிட இயலாது என்பது அகாதெமியின் வாதம். மறுபுறம், அதே படம் ஒலித்தொகுப்புக்கான ஆஸ்கர் விருதை வென்றது. ஒரே ஒலித்தடத்தின் ஒரு பாதி விருது பெற, மறு பாதி போட்டிக்கே வரவில்லை. அகாதெமி தன் விதியைப் பின்பற்றியது உண்மையே. ஆயினும் இசையைத் தனியே அளந்தெடுக்கலாம் என்னும் அவ்விதியின் அடிப்படை, ஒலியோடு கரையும்படி எழுதப்பட்ட இசையிடம் தடுமாறுகிறது.

2017ஆம் ஆண்டின் இரு நிகழ்வுகளை ஒப்பிட்டு நோக்குதல் பயன்தரும். வில்நெவின் ‘பிளேட் ரன்னர் 2049’ படத்துக்கு யோஹான் இசையமைத்துக்கொண்டிருந்த நிலையில், அப்பணி ஹான்ஸ் ஸிம்மர், பெஞ்சமின் வால்ஃபிஷ் ஆகியோரிடம் சென்றது. 1982இல் வெளிவந்த மூலப்படத்தில் வாங்கெலிஸ் அமைத்த இசைக்கு நெருக்கமான ஒன்று தேவைப்பட்டது என இயக்குநர் விளக்கினார். டாரன் அரோனோஃப்ஸ்கியின் ‘மதர்!’ படத்திலோ யோஹான் எழுதிய இசை, இயக்குநரும் அவரும் சேர்ந்தெடுத்த முடிவால் முழுவதுமாக நீக்கப்பட்டது. மரத்தரையின் முனகல், சுவரின் அதிர்வு, மூச்சு ஆகியவையே அப்படத்தின் இசையாயின. இசை, ஒலி ஆலோசகராக அவர் பெயர் இடம்பெற்றது.

வெளிப்பார்வைக்கு இரண்டும் இழப்புகளே. எழுதிய இசை இரண்டிலும் கேட்கப்படவில்லை. ஆனால் தன்மையில் அவை வேறானவை. முன்னதில் ஏற்கெனவே புகழ்பெற்ற ஒலியடையாளம் ஒன்றின் தொடர்ச்சி எதிர்பார்க்கப்பட்டது. பின்னதில் இசையமைப்பாளரே மௌனத்தைத் தேர்ந்தெடுத்தோருள் ஒருவர். தன் இசை படத்துக்குத் தேவையில்லை எனத் தீர்மானிக்கும் உரிமையும் படைப்புச் சுதந்திரத்தின் பகுதியே என்பதை ‘மதர்!’ காட்டுகிறது. சுதந்திரக் கலைஞர் என்னும் தொடரைப் பெருநிறுவனங்களுக்கு வெளியே நிற்பவர் என்று மட்டும் பொருள்கொண்டால் இந்நுட்பம் தவறிப்போகும். யோஹானைப் பொறுத்தவரை, எப்போது உள்ளே நுழைவது, எவ்வளவு காலம் தேடுவது, எப்போது விலகுவது ஆகிய முடிவுகளில் பங்கு பெறுவதே சுதந்திரம் எனலாம்.

6. இறுதிப் படைப்புகள்

பெருந்திரைப் பணிகளுக்கிடையிலும் தனிப் படைப்புகளை அவர் கைவிடவில்லை. 2016இல் வெளிவந்த ‘ஓர்ஃபே’ தொகுப்பில், உளவுப் பணிக்காக எண்களை மட்டும் வாசிக்கும் சிற்றலை வானொலி நிலையங்களின் பதிவுகளைப் பயன்படுத்தினார். யாருக்காகவோ அனுப்பப்பட்டு, பொருள் தொலைந்துபோன குரல்கள் அவை. தந்தையின் வானொலிப் பெட்டி பிடித்த கணினி அலைகளுக்கும் இவற்றுக்கும் உள்ள உறவு எளிதில் புலப்படும்.

அவர் இயக்கிய ஒரே முழுநீளத் திரைப்படமான ‘லாஸ்ட் அண்ட் ஃபர்ஸ்ட் மென்’, ஓலாஃப் ஸ்டேபிள்டன் 1930இல் எழுதிய அறிவியல் புனைவை அடிப்படையாகக் கொண்டது. முன்னாள் யூகோஸ்லாவியாவில் எழுப்பப்பட்ட போர் நினைவுச்சின்னங்களைக் கறுப்பு வெள்ளையில் 16 மில்லிமீட்டர் படச்சுருளில் படம்பிடித்து, டில்டா ஸ்விண்டனின் குரலில் மனித இனத்தின் இறுதித் தலைமுறை பேசுவதாக அமைத்தார். திரையில் ஒரு மனிதரும் தோன்றுவதில்லை. 2017இல் மான்செஸ்டரில் நேரடி இசையுடன் இது முதலில் நிகழ்த்தப்பட்டது. 2018 பிப்ரவரி 9 அன்று, 48ஆம் வயதில், பெர்லினில் யோஹான் காலமானார். யாயிர் எலாசார் கிளாட்மன் இசைப்பணியை நிறைவுசெய்ய, 2020இல் பெர்லின் திரைப்பட விழாவில் படம் திரையிடப்பட்டது.

அவருடைய செயல்முறை அவரோடு முடிந்துவிடவில்லை. பல ஆண்டுகள் அவருடன் பணியாற்றிய செல்லோ கலைஞர் ஹில்துர் குவுத்னாதோத்திர், ‘செர்னோபில்’ (2019) தொடருக்காக லிதுவேனியாவில் செயல்பாடு நிறுத்தப்பட்ட அணுமின் நிலையம் ஒன்றுக்குள் சென்று ஒலிகளைப் பதிவுசெய்து, அவற்றிலிருந்தே இசையை உருவாக்கினார். ‘ஜோக்கர்’ படத்துக்காக 2020இல் ஆஸ்கர் விருதையும் பெற்றார். ஓய்ந்துபோன இயந்திரத்திடம் செவிசாய்க்கும் பயிற்சி இவ்வாறு தொடர்கிறது.

முடிவுரை

யோஹான் யோஹான்சனின் கலைப்பயணத்திலிருந்து பெறத்தக்க முடிவுகளை இவ்வாறு தொகுக்கலாம்.

ஒன்று, அவருடைய திரையிசையைத் தனிப் படைப்புகளிலிருந்து பிரித்து மதிப்பிட இயலாது. ஒலியை ஆவணமாகக் கொள்ளுதல், எளிய மெட்டின் மீள்வரவு, கருவித் தேர்வின் வழியாகச் சமூக நினைவைப் பேசுதல் ஆகியவை திரைக்கு வருமுன்பே அவரிடம் முதிர்ந்திருந்தன.

இரண்டு, இசைக்கும் ஒலிவிளைவுக்கும் இடையே உள்ள எல்லை கலையின் இயல்பால் அமைந்ததன்று. தொழில்முறையாலும் விருது விதிகளாலும் வரையப்பட்டது. ‘அரைவல்’ படத்துக்கு நேர்ந்தது இதனைத் தெளிவாக்குகிறது. திரையிசை ஆய்வுகள் பாடல், பின்னணி இசை என்னும் பகுப்போடு நின்றுவிடாமல் ஒலித்தடம் முழுவதையும் ஒரே பனுவலாகக் கொண்டு ஆராய வேண்டியதன் தேவையையும் அது உணர்த்துகிறது.

மூன்று, திரையிசையமைப்பாளரின் சுதந்திரம் ஊதியத்தையோ தயாரிப்பின் அளவையோ மட்டும் சார்ந்ததன்று. அவருக்குத் தரப்படும் காலத்தையும் சார்ந்தது. படம் உருவாகும்போதே இசையும் உருவானால், இசை காட்சிக்குப் பூசப்படும் வண்ணமாக இல்லாமல் காட்சியின் சிந்தனையிலேயே பங்கு பெறுகிறது. வரிசையில் கடைசியாக வருபவருக்கு அந்த வாய்ப்பு இல்லை.